காயலான் கடைக்கு வந்த கோபால்ட்

(ஆய்வு மாணவர்களும் ஒப்பந்தத் துப்புரவுத் தொழிலாளர்களும் சேர்ந்து நடத்திய மாதக் கூட்டம் ஒன்றில் பேசியதன் எழுத்து வடிவம்.)



‘கதிரியக்கப் பொருள்களைப் பாதுகாப்பாகக் கையாள்வது, எடுத்துச் செல்வது, அகற்றுவது’ என்று துண்டறிக்கையில் தலைப்புப் போட்டிருக்கிறார்கள். பார்த்தால் அணுசக்தித் துறை நடத்தும் பயிற்சி வகுப்பு மாதிரி இருக்கிறது. “நம்ம மேடையில இதை எதுக்குப் பேசணும், கூடங்குளம்னா சரி” என்று ஒரு தோழர் தொலைபேசியிலேயே கேட்டுவிட்டார். நியாயமான கேள்விதான். இன்று நான் அணு உலையைப் பற்றிப் பேசப் போவதில்லை. காயலான் கடையைப் பற்றித்தான் பேசப் போகிறேன்.

தில்லியின் மேற்குப் பகுதியில் மாயாபுரி என்று ஓர் இடம். பழைய வண்டி, பழைய இயந்திரம், பழைய இரும்பு எல்லாம் வந்து சேரும் சந்தை. சென்னைக்காரர்கள் புதுப்பேட்டையை நினைத்துக்கொள்ளலாம். 2010 ஏப்ரல் தொடக்கத்தில் அங்கே கடை வைத்திருந்த ஒருவர் தோல் கறுத்து, முடி கொட்டி மருத்துவமனையில் சேர்ந்தார். அடுத்தடுத்து அதே இடத்தில் வேலை செய்தவர்களும் வந்தார்கள். இது கதிர்வீச்சாக இருக்கலாம் என்று மருத்துவர்கள் சந்தேகப்பட்டுத் தகவல் கொடுத்தார்கள். அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்தின் ஆட்கள் கருவியோடு வந்து பார்த்தபோது, குவிந்து கிடந்த இரும்புக்குள் கோபால்ட்-60 துண்டுகள் இருந்தன. பக்கத்துக் கடையிலும் இருந்தன. ஒரு துண்டை ஒருவருடைய பணப்பைக்குள்ளிருந்து எடுத்தார்கள். கால்சட்டைப் பையில் பணத்தோடு பணமாக இருந்திருக்கிறது. ஏப்ரல் 26 அன்று தொழிலாளி ஒருவர் இறந்துபோனார். மற்றவர்கள் வாரக்கணக்கில் மருத்துவமனையில் கிடந்தார்கள். அணு விபத்துகளை 7 வரை தரம் பிரிக்கும் பன்னாட்டு அளவுகோலில் இதற்கு 4ஆம் நிலை. செர்னோபிலுக்கும் புகுசிமாவுக்கும் 7. ஒரு தெருவில், சில கடைகளுக்குள் நடந்த விபத்துக்கு 4 என்றால் எவ்வளவு பெரியது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

அந்தக் கோபால்ட் எங்கிருந்து வந்தது? முதலில் வெளிநாட்டிலிருந்து கப்பலில் வந்த கழிவு என்று பேச்சு அடிபட்டது. போலீஸ் தேடிக்கொண்டே போனதில், மாத இறுதியில் விடை கிடைத்தது. தில்லிப் பல்கலைக்கழகத்தின் வேதியியல் துறை. 1960களின் கடைசியில் கனடாவிலிருந்து வாங்கிய ‘காமா செல்’ என்னும் கருவி. பொருள்களின் மீது கதிர் பாய்ச்சி ஆராய்ச்சி செய்வதற்கானது. 1985க்குப் பிறகு அதை யாரும் பயன்படுத்தவில்லை. கால் நூற்றாண்டு ஓர் அறையில் கிடந்தது. 2010 பிப்ரவரியில் மற்ற தட்டுமுட்டுச் சாமான்களோடு சேர்த்து ஏலம் விட்டார்கள். வாங்கியவர்கள் மாயாபுரிக்குக் கொண்டுபோய் உடைத்தார்கள். அவ்வளவுதான் கதை.

நம் அலுவலகங்களில் இதற்கு ஒரு சொல் உண்டு, ‘கண்டம் பண்ணுவது’. கண்டம் பண்ணக் குழு போடுவார்கள், பட்டியல் போடுவார்கள், கையெழுத்துப் போடுவார்கள். நாற்காலி 14, மேசை 6, பழைய கருவி 1. அந்த ‘பழைய கருவி 1’ என்ற வரிக்குள் என்ன இருக்கிறது என்று கேட்க வேண்டியவர்கள், இந்த நாட்டிலேயே அதைப் பற்றி அதிகம் படித்தவர்கள். வேதியியல் துறை, தோழர்களே. கதிரியக்கத் தனிமங்கள் அவர்கள் பாடத்திட்டத்திலேயே இருக்கும்.

கணக்கு ஒன்று சொல்கிறேன். கோபால்ட்-60இன் அரை ஆயுள் சுமார் 5.27 ஆண்டு. அந்தக் காலத்தில் அதன் வீரியம் பாதியாகும். அடுத்த 5.27 ஆண்டில் அந்தப் பாதியில் பாதி. நாற்பது ஆண்டு என்றால் கிட்டத்தட்ட ஏழரை முறை பாதியாகியிருக்கும். அதாவது வாங்கியபோது இருந்ததில் சுமார் 200இல் ஒரு பங்குதான் மிச்சம். அந்த 200இல் ஒரு பங்குதான் ஓர் ஆளைக் கொன்றது. ‘பழசாகிவிட்டது, இனி என்ன செய்யப் போகிறது’ என்று நினைப்பவர்களுக்கு இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுங்கள்.

இப்போது பாதுகாப்பு விதிகளுக்கு வருகிறேன். அவை மோசமான விதிகள் என்று சொல்ல மாட்டேன். நன்றாகவே எழுதப்பட்டவை. கதிர்வீச்சிலிருந்து தப்ப மூன்று வழி: குறைந்த நேரம் இருப்பது, தூரத்தில் இருப்பது, நடுவில் கவசம் வைப்பது. தூரம் இரண்டு மடங்கானால் மேலே படும் கதிர் நான்கில் ஒன்றாகக் குறையும். கோபால்ட்டின் காமா கதிருக்குக் கனமான ஈயமோ தடிமனான கான்கிரீட்டோ கவசம். கருவி வைத்திருக்கும் நிறுவனம் உரிமம் வாங்க வேண்டும், கதிர்வீச்சுப் பாதுகாப்பு அலுவலர் ஒருவரை அமர்த்த வேண்டும். வேலை செய்பவர் நெஞ்சில் ஒரு பட்டை குத்திக்கொள்ள வேண்டும்; அவர் உடம்பில் எவ்வளவு பட்டது என்று அதை வைத்து அளப்பார்கள். அவருக்கு ஆண்டுக்கு 20 மில்லிசீவர்ட் என்ற சராசரி வரம்பு. பொதுமக்களுக்கு 1 மில்லிசீவர்ட்தான்.

எடுத்துச் செல்வதற்கான விதிகள் இதைவிடக் கறாரானவை. வீரியம் மிகுந்த மூலப்பொருளை ‘பி வகை’ என்னும் பெட்டியில்தான் கொண்டுபோக வேண்டும். அந்தப் பெட்டியின் மாதிரியை 9 மீட்டர் உயரத்திலிருந்து கெட்டியான தளத்தில் போட்டுப் பார்ப்பார்கள். 1 மீட்டர் உயரத்திலிருந்து இரும்புக் கம்பி முனையில் போடுவார்கள். 800 டிகிரி நெருப்பில் அரை மணி நேரம் வைப்பார்கள். தண்ணீரில் மூழ்கடிப்பார்கள். இத்தனைக்கும் பிறகு கவசம் தாங்க வேண்டும். லாரி கவிழ்ந்தால், தீப்பிடித்தால், ஆற்றில் விழுந்தால் என்று ஒவ்வொன்றையும் யோசித்து வைத்திருக்கிறார்கள். இந்த உழைப்பை நான் மதிக்கிறேன். ஏனென்றால் இந்தப் பொருள்கள் நமக்குத் தேவை. 1950களிலேயே அடையாறு புற்றுநோய் மருத்துவமனைக்குக் கோபால்ட் கருவி வந்தது. இன்றும் பல அரசு மருத்துவமனைகளில் நம் சனங்களுக்குக் கிடைக்கும் கதிர்ச் சிகிச்சை கோபால்ட் இயந்திரத்தில்தான். அதிலுள்ள கோபால்ட் சில ஆண்டுகளில் வீரியம் குறையும், மாற்ற வேண்டும். புதியது உள்ளே வரும், பழையது வெளியே போகும். நாம் தூங்கும் நேரத்தில் நம் சாலைகளில் போய்க்கொண்டுதான் இருக்கிறது. பயன்பாடு முடிந்ததை விற்ற நிறுவனமே திரும்ப எடுத்துக்கொள்ள வேண்டும். இல்லையென்றால் டிராம்பே, கல்பாக்கம் போன்ற இடங்களில் உள்ள அணுசக்தித் துறையின் கழிவு நிலையங்களுக்குப் போக வேண்டும். அங்கே கான்கிரீட் தொட்டிகளிலும் மண்ணுக்குள் இறக்கிய குழிகளிலும் வைத்துக் காவல் காப்பார்கள். இதுதான் சட்டப்படியான வழி. 1987லேயே இதற்குத் தனி விதிகள் வந்துவிட்டன.

ஆனால் அந்த வழி எல்லாமே ஒரு நிபந்தனையில் நிற்கிறது. யாராவது ஒருவர் ‘இது கதிரியக்கப் பொருள்’ என்று காகிதத்தில் எழுத வேண்டும். எழுதினால் 9 மீட்டர் பெட்டி வரும், பட்டை வரும், அலுவலர் வருவார். ‘கழிவு’ என்று எழுதினால் ஒரு டெம்போ வரும். பொருள் அதேதான். அதிலிருந்து கிளம்பும் கதிரும் அதேதான்.

இந்த இடத்தில்தான் சாதி உள்ளே வருகிறது என்பது என் கருத்து. இறந்துபோன தொழிலாளி என்ன சாதி என்று தோண்டுவது என் வேலை இல்லை. தனி மனிதரின் சாதிச் சான்றிதழைத் தேடுவதைவிட, ஒரு பொருள் கழிவு என்று ஆன மறுநிமிடம் அது எந்தப் பக்கம் போகும், யார் கைக்குப் போகும் என்பது இந்த நாட்டில் முன்கூட்டியே முடிவாகியிருக்கிறதே, அதைத்தான் பார்க்க வேண்டும். கழிவு கீழே போகும். அதைப் பற்றிய தகவல் மேலேயே தங்கிவிடும். சாக்கடைக்குள் என்ன வாயு இருக்கிறது என்று இறங்குபவருக்கு யார் சொல்கிறார்கள்? மருத்துவமனைக் குப்பைப் பையில் எந்த நோயாளியின் ஊசி இருக்கிறது என்று பொறுக்குபவருக்கு யார் சொல்கிறார்கள்? சுத்தம் செய்பவருக்குத் தெரிய வேண்டிய அவசியம் இல்லை என்பது நம் நிறுவனங்களின் எழுதப்படாத விதி. அதை யாரும் தீய எண்ணத்தோடு செய்ய வேண்டியதில்லை. அது அவர்களுக்கு இயல்பாக வருகிறது.

நானே பார்த்ததைச் சொல்கிறேன். முதுகலை படித்தபோது எங்கள் துறையில் ஒரு கிடங்கு அறையைக் காலி செய்தார்கள். நிறுவனத்தின் பெயர் வேண்டாம், எந்த நிறுவனத்திலும் நடந்திருக்கும். லேபிள் உதிர்ந்த புட்டிகள், துருப்பிடித்த டப்பாக்கள், மூடி இறுகிய கண்ணாடிக் குடுவைகள். ஆய்வகத்துக்குள் நாங்கள் கையுறை, கண்ணாடி, மேலங்கி இல்லாமல் நுழைந்தால் திட்டு விழும். அந்த அறையை ஒப்பந்தத் துப்புரவுத் தொழிலாளர் இரண்டு அக்காக்கள் வெறுங்கையோடு காலி செய்துகொண்டிருந்தார்கள். “அக்கா, இதுல என்ன இருக்குன்னு சொன்னாங்களா?” என்று கேட்டேன். “குப்பைன்னு சொன்னாங்க தம்பி” என்றார் ஒருவர். மாணவனுக்கு ஒவ்வொரு வேதிப்பொருளுக்கும் பக்கக்கணக்கில் பாதுகாப்புக் குறிப்பு இருக்கிறது. அவருக்குக் கொடுத்த குறிப்பு அந்த ஒற்றைச் சொல். போய்ப் பேசி, ஒரு வாரம் சண்டை போட்டுக் கையுறை வாங்கிக் கொடுத்தோம். என்ன இருக்கிறது என்ற பட்டியல் மட்டும் கடைசிவரை வரவில்லை.

மாயாபுரி செய்திகளைப் படித்தபோது எனக்கு எரிச்சல் மூட்டியது ஒரு தொனி. ‘விவரம் தெரியாத தொழிலாளர்கள் ஆபத்தான கருவியை உடைத்துவிட்டார்கள்’ என்கிற தொனி. என் பெரியப்பா முப்பது வருசம் தள்ளுவண்டியில் பழைய இரும்பு எடுத்தவர். காந்தத்தை வைத்துப் பார்ப்பார். ஒட்டாவிட்டால் அரத்தால் ஒரு தேய்ப்பு. உள்ளே தெரியும் நிறத்தை வைத்துச் செம்பா, பித்தளையா, ஈயமா என்று சொல்லிவிடுவார். தட்டினால் வரும் சத்தத்தில் வார்ப்பிரும்பைக் கண்டுபிடிப்பார். தராசுக்கு முன்னாலேயே கையில் தூக்கி எடை சொல்வார், ஐம்பது கிராம் பிசகாது. இதைப் பள்ளிக்கூடத்தில் கற்றுத்தரவில்லை என்பதால் இது விவரம் இல்லை என்று ஆகிவிடுமா? மாயாபுரியில் அந்தக் கருவியைப் பிரித்தவர்களிடமும் இந்த அறிவு இருந்தது. காமா கதிருக்கு நிறம் இல்லை, மணம் இல்லை, சூடு தெரியாது, சத்தம் கிடையாது. அரத்தால் தேய்த்தால் பளபளப்பான உலோகம்தான் தெரியும். கோபால்ட் காந்தத்தில்கூட ஒட்டும். இதைக் கண்டுபிடிக்க அளவுக் கருவி வேண்டும், அல்லது முன்னால் வைத்திருந்தவர் சொல்ல வேண்டும். இரண்டும் நடக்கவில்லை.

இன்னொன்றையும் கவனியுங்கள். அந்தக் கருவியில் காயலான் கடைக்காரருக்கு லாபம் எங்கே இருக்கிறது? ஈயத்தில். கதிரை மறைக்கத்தான் அத்தனை ஈயத்தை ஊற்றியிருக்கிறார்கள். இரும்பைவிட ஈயத்துக்கு விலை அதிகம். அதனால் முதலில் உரிப்பதே கவசத்தைத்தான். ஆய்வாளரைக் காப்பாற்ற வைத்த பொருளே தொழிலாளியை இழுத்து உள்ளே கொண்டுபோகிறது. மருத்துவமனைக் கருவிகளும் இப்படித்தான். கருவியை வடிவமைப்பவர்கள் அதைப் பயன்படுத்தும் மருத்துவரைப் பற்றி யோசித்திருக்கிறார்கள், நோயாளியைப் பற்றி யோசித்திருக்கிறார்கள். நாற்பது வருசம் கழித்துச் சுத்தியலோடு வரப்போகிறவரை யோசிக்கவே இல்லை.

இது இந்தியாவுக்கு மட்டும் உரிய கதையும் இல்லை. 1987 செப்டம்பரில் பிரேசிலின் கோயானியா நகரத்தில் நடந்தது இதைவிடக் கொடுமை. தனியார் கதிர்ச் சிகிச்சை மையம் ஒன்று இடம் மாறியபோது சீசியம்-137 இருந்த பழைய கருவியை அப்படியே விட்டுவிட்டுப் போனது. பாதி இடிந்த அந்தக் கட்டடத்துக்குள் பழைய பொருள் பொறுக்கும் இரண்டு பேர் நுழைந்து கருவியை எடுத்தார்கள். காயலான் கடைக்கு விற்றார்கள். உள்ளே இருந்த தூள் இருட்டில் நீலமாக ஒளிர்ந்தது. கடைக்காரர் அதை அதிசயமாக நினைத்து உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் கொடுத்தார். ஆறு வயதுச் சிறுமி ஒருத்தி அதைத் தொட்டு விளையாடினாள், அந்தக் கையாலேயே சாப்பிட்டாள். நான்கு பேர் இறந்தார்கள், அவளும் ஒருத்தி. 249 பேர் உடலிலோ உடலுக்குள்ளோ சீசியம் ஒட்டியிருந்தது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்களைப் பரிசோதித்தார்கள். அத்தனைக்கும் காரணமான பொருளின் எடை சுமார் 93 கிராம். அதைச் சுத்தம் செய்ததில் சேர்ந்த கழிவு சுமார் 3,500 கன மீட்டர். வீடுகளை இடித்து, மண்ணைச் சுரண்டிப் புதைத்தார்கள்.

அந்தக் கதையில் நான் மறக்க முடியாதது இரண்டு. ஒன்று, எல்லாருக்கும் உடம்பு சரியில்லாமல் போவது இந்தப் பொருளால்தான் என்று முதலில் சந்தேகப்பட்டவர் கடைக்காரரின் மனைவி. மருத்துவரோ இயற்பியலாளரோ அவருக்குச் சொல்லவில்லை. மிச்சத்தை ஒரு பையில் போட்டு, பேருந்தில் ஏறி, சுகாதார நிலையத்துக்குக் கொண்டுபோய் மேசையில் வைத்து, எங்கள் ஆட்களைக் கொல்வது இதுதான் என்று சொன்னார். அதன் பிறகுதான் விபத்து வெளியே தெரிந்தது. அவர் அப்படிச் செய்யாமல் இருந்திருந்தால் இன்னும் எத்தனை பேரோ. அவரும் இறந்துபோனார்.

இரண்டாவது, அந்தச் சிறுமியின் அடக்கம். ஈயம் பூசிய சவப்பெட்டியில் கொண்டுவந்தார்கள். இந்தப் பிணத்தை எங்கள் இடுகாட்டில் புதைக்கக் கூடாது என்று கூட்டம் கூடிக் கல்லெறிந்தது. பொதுச் சுடுகாட்டுக்குப் பாதை கிடைக்காமல் பிணத்தோடு நிற்பதைப் பார்த்த நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கோயானியாவிலிருந்து வந்தவர் என்றாலே விலகிப் போனார்கள். அந்த ஊர்ப் பொருள்களை வாங்க மறுத்தார்கள்.

இதில் அறிவியல் என்ன சொல்கிறது என்பதைத் தெளிவாகத் தெரிந்துகொள்ள வேண்டும். வெளியிலிருந்து காமா கதிர் பட்ட மனிதர் தாமே கதிர் வீசுவதில்லை. எக்ஸ்ரே எடுத்துக்கொண்ட ஆளைத் தொட்டால் நமக்கு எதுவும் ஆகாது அல்லவா, அது மாதிரி. கதிரியக்கத் தூள் மேலே ஒட்டியிருந்தால் அது வேறு. துணியைக் களைந்து, சோப்புப் போட்டுக் கழுவினால் பெரும்பகுதி போய்விடும். தூள் உடம்புக்குள்ளேயே போயிருந்தால் மருத்துவர்கள் அளந்து பார்த்து, அதற்கேற்ற பாதுகாப்போடு சிகிச்சை செய்வார்கள். அந்தச் சிறுமிக்கு ஈயப் பெட்டி தேவைப்பட்டது அதனால்தான். பெட்டியை மூடி கான்கிரீட் போட்ட பிறகு அக்கம்பக்கத்தாருக்கு ஆபத்து இல்லை. அளக்க முடியும், தடுக்க முடியும், காலப்போக்கில் குறையும். நம் ஊரில் தீட்டு என்று ஒன்றை வைத்திருக்கிறார்களே, அதை எந்தக் கருவியாலும் அளக்க முடியாது, சோப்பும் போக்காது, அரை ஆயுளும் கிடையாது. உண்மையான ஆபத்துள்ள பொருளை அளக்காமல் ஏலம் விடுகிற சமூகம், இல்லாத தீட்டுக்குத் தனிக் குவளை வைத்திருக்கிறது. நாளைக்கு நம் ஊர்க் காயலான் கடையில் இப்படி ஒன்று நடந்தால், அந்தத் தெருச் சனங்களை ஊர் எப்படி நடத்தும் என்பதையும் சேர்த்தே யோசிக்க வேண்டியிருக்கிறது.

2000இல் தாய்லாந்தின் சாமுத் பிராகானில் இதே கதை. மருத்துவமனைக் கோபால்ட் கருவியின் பகுதி, காயலான் கடை, மூன்று பேர் சாவு. அங்கே கருவியின் மேல் மூவிலைச் சின்னம் இருந்தது. மஞ்சள் பின்னணியில் மின்விசிறி இறக்கை மாதிரி இருக்குமே, அது. எச்சரிக்கை வாசகமும் இருந்தது. ஆனால் கையில் எடுத்தவர்களுக்குத் தெரிந்த மொழியில் இல்லை. அந்தச் சின்னத்துக்கு என்ன அர்த்தம் என்பதும் தெரியாது. படித்தவர்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ளும் சின்னம் அது. பிறகு பன்னாட்டு அணுசக்தி முகமையும் தரநிர்ணய அமைப்பும் 11 நாடுகளில் பலதரப்பட்ட மக்களிடம் காட்டிச் சோதித்து, 2007இல் புதிய சின்னம் ஒன்றைக் கொண்டுவந்தன. சிவப்புப் பின்னணி. மேலே மூவிலைச் சின்னத்திலிருந்து கதிர் இறங்குகிறது, கீழே மண்டையோடு, பக்கத்தில் ஓடுகிற மனிதன். எழுத்தே வேண்டாம். இதைக் கருவியின் வெளிப்புறத்தில் ஒட்டுவதில்லை. உடைத்துப் பிரிக்கத் தொடங்கினால் கண்ணில் படும்படி உள்ளே, மூலப்பொருளுக்குப் பக்கத்தில் வைக்கச் சொல்கிறார்கள். சுத்தியலோடு வருபவரை மனதில் வைத்து யோசித்த முதல் முயற்சி என்று இதைச் சொல்லலாம். எனக்கு மிகவும் பிடித்த விசயம் இது. ஆனால் புதிதாகச் செய்யும் கருவிக்குள்தான் இதை வைக்க முடியும். 1960களில், 70களில், 80களில் வாங்கி அறைகளில் பூட்டிக் கிடப்பவற்றுக்குள் யார் போய் ஒட்டுவது?

அப்படி எத்தனை கிடக்கின்றன? 2012இல் தலைமைக் கணக்குத் தணிக்கையர் ஒழுங்குமுறை வாரியத்தின் வேலையைத் தணிக்கை செய்து அறிக்கை வைத்தார். பயன்பாடு முடிந்த கதிரியக்க மூலங்கள் உண்மையிலேயே பாதுகாப்பாக அகற்றப்பட்டனவா என்று சரிபார்க்க முறையான ஏற்பாடு இல்லை என்று அதில் சொன்னார். மருத்துவ எக்ஸ்ரே நிலையங்கள் 57,443இல் 52,173, அதாவது 91 விழுக்காடு, பதிவே இல்லாமல் இயங்கின என்றும் சொன்னார். எக்ஸ்ரே கருவிக்குள் கதிரியக்கப் பொருள் இருக்காது, மின்சாரத்தை நிறுத்தினால் கதிர் நின்றுவிடும். அதனால் இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டாம். மேற்பார்வை எப்படி இருந்தது என்பதைக் காட்டத்தான் சொன்னேன். வாரியம் உருவானதே 1983 நவம்பரில். அதற்கு முன்பே நாட்டுக்குள் வந்துவிட்ட கருவிகள் இருக்கின்றன, மாயாபுரிக்கு வந்தது அதில் ஒன்று.

இன்னொரு சம்பவம், 2008இல். பிரான்சில் லிப்ட் பொத்தான்களில் கோபால்ட்-60 இருப்பது தெரியவந்தது. இந்தியாவில் உருக்கிய எஃகு. எங்கேயோ ஒரு கதிரியக்க மூலம் பழைய இரும்போடு சேர்ந்து உலைக்குள் போயிருக்கிறது. அங்கே பொத்தான் கோத்த தொழிலாளர்கள் மேல் எவ்வளவு கதிர் பட்டது என்று கணக்கெடுத்தார்கள், அந்தப் பொத்தான்களைத் திரும்பப் பெற்றார்கள். நல்லது, அப்படித்தான் செய்ய வேண்டும். அதே எஃகை இங்கே உலைக்கு முன்னால் நின்று அள்ளிப் போட்டவர் யார், வண்டியில் ஏற்றியவர் யார்? அவர்களைப் பற்றி எத்தனை பேர் கேட்டோம்?

மாயாபுரிக்குப் பிறகு என்ன நடந்தது? வாரியம் பல்கலைக்கழகத்திடம் விளக்கம் கேட்டு நோட்டீஸ் அனுப்பியது. கதிரியக்கப் பொருள்களைப் பயன்படுத்தும் அனுமதியை நிறுத்தி வைத்தது. துணைவேந்தர் தார்மீகப் பொறுப்பு ஏற்பதாகச் சொன்னார். தார்மீகப் பொறுப்பு என்ற சொல் மீது எனக்குப் பெரிய மரியாதை இல்லை. சாக்கடை மரணங்களில் நாம் என்ன செய்தோம்? தார்மீகத்தை நம்பி உட்காரவில்லை. துப்புரவுத் தொழிலாளர் இயக்கம் ஆண்டுக்கணக்கில் வழக்கு நடத்தியது. 2014 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் 1993க்குப் பிறகான ஒவ்வொரு சாவுக்கும் 10 லட்சம் என்றது, 2023 அக்டோபரில் அது 30 லட்சமானது. இன்னும் சாகிறார்கள், பணமும் பல குடும்பங்களுக்குப் போய்ச் சேரவில்லை, அது வேறு போராட்டம். ஆனால் சாவுக்கு ஒரு முதலாளி இருக்கிறார், ஒரு நகராட்சி இருக்கிறது, அவர் பதில் சொல்ல வேண்டும் என்பது சட்டமாகிவிட்டது. காயலான் கடையில் சாகிறவருக்கு அப்படி ஒரு பெயர் வேண்டும். பொருளைக் கடைசியாக உரிமத்தோடு வைத்திருந்த நிறுவனம்தான் அந்தப் பெயர். ஏலத்தில் விற்றுவிட்டேன், என் கை கழுவியாயிற்று என்று அது சொல்ல முடியாதபடி இருக்க வேண்டும்.

சட்டத்தில் ஒரு வேடிக்கையும் பாருங்கள். பட்டை குத்திய கதிர்வீச்சுத் தொழிலாளிக்கு 20, பொதுமக்களுக்கு 1 என்று சொன்னேன். மாயாபுரித் தொழிலாளி சட்டப்படி ‘பொதுமக்கள்’. அதாவது அவருக்குத்தான் அதிகப் பாதுகாப்பு. அவர் உடம்பில் ஏறியது அந்த வரம்பைப் போல ஆயிரம் மடங்குக்கு மேல்.

என்ன செய்யலாம் என்று நிறையப் பேர் கேட்பீர்கள். ஒன்றிய அரசு செய்ய வேண்டியவை பெரிய விசயங்கள்: கருவி வாங்கும்போதே அதைத் திருப்பி அனுப்பும் செலவை வைப்புத் தொகையாகக் கட்ட வைப்பது, பெரிய பழைய இரும்புச் சந்தைகள் ஒவ்வொன்றிலும் கதிர் அளக்கும் கருவியும் இயக்கத் தெரிந்த ஆளும் வைப்பது. அதற்கு நாம் கோரிக்கை வைத்துக்கொண்டே இருப்போம். ஆனால் இந்த அறையில் இருப்பவர்கள் பாதிப் பேர் ஆய்வு மாணவர்கள். உங்கள் துறையில் கண்டம் பண்ணும் பட்டியல் எப்போது போடுகிறார்கள் என்று உங்களுக்குத் தெரியும். அதில் 1983க்கு முன்னால் வாங்கிய கருவி ஏதாவது இருக்கிறதா, கதிர்வீச்சுப் பாதுகாப்பு அலுவலர் பார்த்துக் கையெழுத்துப் போட்டாரா என்று தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். பத்து ரூபாய்தான் கட்டணம். பதில் வராவிட்டால் அதுவே ஒரு பதில், மேல்முறையீடு செய்யுங்கள்.

மீதிப் பேர் துப்புரவுத் தொழிலாளர்கள். அக்கா, அண்ணா, உங்களுக்குச் சொல்ல வேண்டியது இதுதான். ஓர் அறையைக் காலி செய்யச் சொன்னால், உள்ளே என்ன இருக்கிறது என்று எழுதிக் கொடுக்கச் சொல்லுங்கள். தனியாகக் கேட்காதீர்கள், நான்கைந்து பேர் சேர்ந்து கேளுங்கள், எங்களையும் கூப்பிடுங்கள். அளவுக்கு மீறிக் கனக்கும் சின்னப் பெட்டி, ஈயம் சுற்றிய உருளை, மூவிலைச் சின்னம், சிவப்பு முக்கோணத்தில் மண்டையோடு, இவற்றில் எதைப் பார்த்தாலும் தொடாமல் விலகி நின்று, மற்றவர்களையும் விலக்கிவிட்டுத் தகவல் சொல்லுங்கள். இரண்டு சின்னங்களின் படமும் பெரிதாக அச்சடித்துக் கொண்டுவந்திருக்கிறேன், வாசலில் வாங்கிக்கொள்ளலாம். தெரிந்த காயலான் கடைகளுக்கும் எடுத்துப் போங்கள். என் பெரியப்பாவின் பழைய சகாக்கள் கடையில் ஏற்கெனவே ஒட்டியாகிவிட்டது. தராசுக்கு நேர் மேலே ஒட்டச் சொன்னவர் கடைக்காரர்தான், எல்லார் கண்ணும் போகிற இடம் அதுதானாம்.